பத்து வருஷம் தாங்கும் கூரை

ஓசூரில் அந்தக் கம்பெனிக்குச் சுற்றுச்சுவர் எழும்புவதற்கு முன்பே உத்தரவாதம் எழும்பிவிட்டது. 'வஜ்ரா' என்று பேர். நீல நிறத்தில், வளைவு வளைவாக, கூரைக்குப் போடுகிற பிளாஸ்டிக் ஷீட். வெயிலில் வெளுக்காது, மழையில் உப்பாது, பத்து வருஷத்துக்குப் போட்டது போட்டபடி கிடக்கும் என்று தமிழ், கன்னடம், இங்கிலீஷ் மூன்றிலும் வழவழ தாளில் நோட்டீஸ் அடித்திருந்தார்கள். முதல் ஷீட் மெஷினிலிருந்து வெளியே வந்தது அதற்கு எட்டு மாதம் கழித்து. பிள்ளை பிறக்கும் முன்பே ஜாதகம் எழுதி, அதில் தீர்க்காயுசு என்றும் போட்டுக்கொண்ட மாதிரி.

எல்லாம் நன்றாகத்தான் போய்க்கொண்டிருந்தது. 1985 கடைசியில் பெங்களூரிலிருந்து வந்த ஒரு கோழிப்பண்ணைக்காரர் நோட்டீஸைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "கம்பெனி ஆரம்பிச்சே ஒரு வருஷம் ஆகலையே, பத்து வருஷம் தாங்கும்னு எப்படிக் கண்டுபிடிச்சீங்க?" என்று கேட்டார். அதுவரை ஒருவரும் கேட்காத கேள்வி. எம்.டி. சிரித்தார். காபி வரவழைத்தார். வந்தவர் காபியைக் குடித்து முடித்துவிட்டு மறுபடியும் அதையே கேட்டார்.

அப்படித்தான் வஜிஹாவுக்கு வேலை கிடைத்தது.

கிருஷ்ணகிரிப் பெண். பி.எஸ்.ஸி. வேதியியல். இருபத்திரண்டு வயது. அப்பா ரசூல் குந்தாரப்பள்ளிச் சந்தையில் கயிறு, தார்பாய், மூக்கணாங்கயிறு, மாட்டு மணி விற்கிறவர். மகளுக்குக் கம்பெனி பஸ்ஸே வந்து ஏற்றிக்கொண்டு போகிறது என்பதைச் சந்தையில் மாடுகளைத் தவிர மற்ற எல்லோரிடமும் அவர் சொல்லியிருந்தார்.

வேலை சுலபம்தான். ஆய்வகத்து மொட்டைமாடியில் தெற்குப் பார்த்துச் சாய்வாக ஓர் இரும்புச் சட்டம் நிறுத்தியிருந்தார்கள். அதில் நாற்பது துண்டு வஜ்ரா. வெயில், மழை, பனி, காற்று எல்லாம் நேராக அதன்மேல் விழ வேண்டும். வஜிஹா திங்கள்தோறும் மேலே ஏறி நிறத்தைப் பார்த்து, விரலால் தேய்த்து, மாதம் ஒரு துண்டை வளைத்துப் பார்த்து ரிஜிஸ்டரில் எழுத வேண்டும். ஏணி பிடிக்கவும் துண்டுகளைக் கழற்றி மாட்டவும் கங்கப்பன் இருந்தார். கம்பெனி நிற்கிற இடத்தில் முன்பு ராகி விதைத்தவர். இப்போது அதே இடத்தில் குரோட்டன்ஸுக்குத் தண்ணீர் ஊற்றுகிறார். கன்னடமும் தெலுங்கும் தமிழும் ஒரே வாக்கியத்தில் பேசுவார்.

"யம்மா, இதுக்கு எதுக்கு ஒரு படிச்ச பொண்ணு? வெயில்ல போட்டா கெட்டுப்போவும். இதைக் கண்டுபுடிக்க ரிஜிஸ்டரா?"

"எவ்ளோ நாள்ல கெடுதுன்னு பாக்கணும்ணே."

"பத்து வருஷம்னு கீழ எழுதி மாட்டிருக்காங்களே, ஏனம்மா, அதைப் பாக்கலியா நீ?"

வஜிஹாவுக்கு அந்த வேலை பிடித்திருந்தது. ஓசூரில் காற்று குளிர்ச்சியாக இருக்கும், ஸ்வெட்டர் போட்டுக்கொண்டு மாடி ஏற வேண்டும். ஆனால் குளிர் மனிதர்களை ஏமாற்றுமே தவிர ஷீட்டை ஏமாற்றாது. மேட்டு நிலத்து வெயில் சத்தம் போடாமல் வேலை செய்தது. மூன்றாம் மாதம் பளபளப்பு போனது. ஏழாம் மாதம் விரலால் தேய்த்தால் வெள்ளையாக மாவு ஒட்டியது, முகத்துக்குப் போடும் பவுடர் மாதிரி. பதினோராம் மாதம் தலைமுடி கனத்தில் கீறல்கள். துண்டைக் கட்டியிருந்த நைலான் கயிறு நார் நாராகப் பிரிந்தது. இரும்புச் சட்டத்தில் பெயின்ட் உப்பி, உள்ளே துரு செதில் செதிலாக எழுந்தது. பதினாலாம் மாதம், 1987 மார்ச்சில், ஒரு துண்டை எடுத்து வளைத்தாள். இரண்டு முனையும் தொடும்வரை வளைய வேண்டிய துண்டு, பாதி வளையும் முன்பே அப்பளம் மாதிரி 'படக்'கென்று ஒடிந்தது.

காரணம் ஆய்வகத்தில் எல்லோருக்கும் தெரியும். பிளாஸ்டிக்கை வெயில் அரிக்காமல் இருக்க ஒரு பொடி சேர்க்க வேண்டும். 'வெயில் மருந்து' என்று தொழிலாளர்கள் சொல்வார்கள். கப்பலில் வருகிற சாமான், விலை கூடுதல். முதலில் முழு அளவு போட்டார்கள். பிறகு பாதி. பிறகு, கோயில் பொங்கலில் முந்திரி போடுகிற மாதிரி, போட்டோம் என்று சொல்லிக்கொள்கிற அளவுக்கு.

ஒடிந்த துண்டை எடுத்துக்கொண்டு தரக்கட்டுப்பாட்டு மேனேஜர் சுடலைமுத்துவிடம் போனாள். திருநெல்வேலிக்காரர். பன்னிரண்டு வருஷம் ஓசூரில் குப்பை கொட்டியும் ஊர்ப் பேச்சு உதிராதவர். துண்டை வாங்கி, கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவிட்டுப் பார்த்தார்.

"ஏம்மா, இது எங்கன கெடந்துது?"

"மாடியில சார். ஸ்டாண்டுல."

"வெயில்லயா?"

"வெயில்லதான சார் வைக்கச் சொன்னீங்க?"

"வெளிய வைக்கச் சொன்னேன். வெயில்ல வைக்கச் சொன்னனா? வெளிங்கறது வேற, வெயிலுங்கறது வேற. வராந்தாவும் வெளிதாம்மா. இனிமே வர்ற துண்டை எல்லாம் வராந்தாவுல மாட்டச் சொல்லு கங்கப்பன. இந்த மாடி வெயிலு ரொம்பக் கடுமையா அடிக்கி. இது நியாயமான வெயிலு இல்ல."

வெயிலில் நியாயமானது, அநியாயமானது என்று இரண்டு உண்டென்பது வஜிஹா படித்த எந்தப் பாடத்திலும் இல்லை. கங்கப்பனிடம் சொன்னாள். அவர் மாடியையும் வராந்தாவையும் ஒருமுறை பார்த்தார். "சரி விடு. ஆடு மாடுன்னாலும் நெழல்லதான கட்டுவோம்" என்று சொல்லிவிட்டு ஏணியை எடுத்தார்.

அந்த வாரமே ரிப்போர்ட் தட்டச்சாகி அவள் மேசைக்கு வந்தது. 'பதினான்கு மாத வெளிப்புறச் சோதனையில் குறிப்பிடத்தக்க மாற்றம் எதுவும் காணப்படவில்லை.' அதன் அடியில் இன்னொரு தாள். வஜிஹாவின் பயிற்சிக் காலம் முடிந்தது, அவளுடைய பணி மிகவும் திருப்திகரமாக உள்ளது, இன்று முதல் வேலை நிரந்தரம். இரண்டு தாளையும் சேர்த்து ஒரே குண்டூசி குத்தியிருந்தது. அவள் அந்தக் குண்டூசியைக் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"எதாவது எழுத்துப்பிழை இருக்கா?" என்று சுடலைமுத்து கேட்டார். குரல் தணிவாகத்தான் இருந்தது.

"இல்ல சார்."

கையெழுத்துப் போட்டாள். இரண்டிலும்.

கோழிப்பண்ணைக்காரர் ரிப்போர்ட்டை வாங்கிப் படித்துவிட்டு அஸ்பெஸ்டாஸ் போட்டுக்கொண்டார். அவர் புத்திசாலி. அந்த ரிப்போர்ட்டை நம்பியது வேறொருவர்.

கம்பெனி அதைப் பெரிதாக நகல் எடுத்து நோட்டீஸோடு சேர்த்து ஊர் ஊராக அனுப்பியது. ஒன்று குந்தாரப்பள்ளிக்கும் வந்தது. ரசூல் அதைத் திருப்பினார். கடைசியில் மகளின் கையெழுத்து. இங்கிலீஷில், அழகாக, சின்ன வயதில் அவர் வாங்கிக்கொடுத்த நாலு கோடு நோட்டில் எழுதிப் பழகிய அதே எழுத்து. சந்தையில் அவர் கடை இருந்த வரிசையில் பதினெட்டுக் கடைகள், எல்லாவற்றுக்கும் ஓலைக் கொட்டகை. அன்றைக்கே வியாபாரிகளைக் கூட்டினார்.

"பத்து வருஷம் ஓலை மாத்தற வேலையே இல்ல. யாரு சொன்னதுன்னு கேக்கறீங்களா? என் பொண்ணு சொல்லுது. செக் பண்ணிட்டுக் கையெழுத்துப் போட்டிருக்குது பாருங்க."

கருவாடு விற்கிற மாரம்மா மட்டும் சேரவில்லை. "நீலக் கூரைக்குக் கீழ உக்காந்தா கருவாடு செத்த பொணம் மாதிரி தெரியும். எனக்கு வேணாம்" என்று ஓலைக்கு மேல் பழைய லாரி தார்பாயை இழுத்துக் கட்டிக்கொண்டாள்.

வஜிஹாவுக்கு விஷயம் தெரிந்தபோது ஷீட் லாரியிலிருந்து இறங்கிவிட்டது. இரவுச் சாப்பாட்டுக்கு உட்கார்ந்த அப்பாவிடம் மெதுவாகச் சொன்னாள்.

"அத்தா, நம்ம சந்தைக்கு ஓலையே போதுமே. இங்க வெயிலு ஜாஸ்தி."

ரசூல் சிரித்தார். "பாத்தியா சுக்ரா, கம்பெனி சாமான நம்ம வூட்டுக்கே வேணாங்குது. தற்பெருமை இல்லாத பொண்ணு."

அம்மா சுக்ரா பெருமையோடு இன்னொரு கரண்டி சோறு போட்டாள். 'அந்தக் கையெழுத்து பொய் அத்தா' என்கிற நாலு வார்த்தை தொண்டைவரை வந்தது. சோற்றோடு சேர்த்து விழுங்கினாள். நாளைக்குச் சொல்லலாம் என்று நினைத்தாள். அந்த நாளை இரண்டு வருஷம் நீண்டது.

ஜூனில் கூரை ஏறியது. மாலை போட்டு, தேங்காய் உடைத்து, எல்லோருக்கும் சர்க்கரை கொடுத்தார்கள். நீல வெளிச்சத்தில் தக்காளி கத்தரிக்காய் மாதிரி தெரிந்தது. வாங்க வந்தவர்கள் காயை வெளியே எடுத்துப்போய்ப் பார்த்துவிட்டு வாங்கினார்கள். மற்றபடி குறை இல்லை. முதல் மழைக்கு ஒரு சொட்டு ஒழுகவில்லை. ரசூல் இரண்டு அங்குலம் உயர்ந்து நடந்தார்.

முதல் கோடையில் நீலம் சாம்பலாயிற்று. "தூசி" என்றார் ரசூல். துடைத்தால் துணியில் மாவு வந்தது. "அதான் சொன்னேனே, தூசி" என்றார். இரண்டாம் கோடையில் காற்றடித்தால் கூரை முனகியது. ஆணி அடித்த இடங்களில் கீறல் விட்டது. சந்தைக்கு வரும்போதெல்லாம் வஜிஹா கூரையை அண்ணாந்து பார்க்காமல் நடக்கப் பழகிக்கொண்டாள்.

1989 ஏப்ரல் கடைசி. சந்தை நாள். மத்தியானம் மூன்று மணிக்கு வானம் கறுத்து, திடீரென்று சில்லென்று காற்று வீசி, கல் மழை பிடித்துக்கொண்டது. புளியங்கொட்டை அளவில் தொடங்கி எலுமிச்சங்காய் அளவுக்கு வந்தது. அந்தப் பக்கத்தில் கோடை மழையோடு கல் விழுவது புதிதல்ல, பிள்ளைகள் பொறுக்கி வாயில் போட்டுக்கொள்வார்கள். புதிது, கல்லோடு சேர்ந்து கூரையும் விழுந்ததுதான். வஜ்ராவில் ஓட்டை விழவில்லை. ஓட்டை விழுந்திருந்தால் மரியாதையாக இருந்திருக்கும். கண்ணாடி மாதிரி சிதறியது. கத்தி கத்தியாகத் துண்டுகள் கீழே இறங்கின. மாடுகள் கயிற்றை அறுத்துக்கொண்டு நெடுஞ்சாலைப் பக்கம் ஓடின. ஜனங்கள் மாரம்மாவின் தார்பாய்க்குக் கீழே போய்க் குவிந்தார்கள். ஒரு மாட்டுத் தரகருக்குக் காது கிழிந்தது. ரசூலுக்குத் தோள்பட்டையில் வெட்டு, ஏழு தையல்.

சாயங்காலம் கம்பெனி பஸ்ஸிலிருந்து இறங்கி வீட்டுக்குள் வந்த வஜிஹா, கட்டுப் போட்டுக்கொண்டு கட்டிலில் உட்கார்ந்திருந்த அப்பாவைப் பார்த்தாள்.

"பயப்படாதம்மா. ஒங்க கம்பெனி மேல தப்பில்ல" என்று அவரே ஆறுதல் சொன்னார். "கல்லு அந்த சைஸ்ல விழுந்தா எதுதான் நிக்கும்?"

அதைவிட ஒரு அறை கொடுத்திருக்கலாம்.

மறுநாள் காலையில் எம்.டி. அறையில் கூட்டம். எம்.டி. பதற்றமே படவில்லை. "ஹெயில் ஸ்டோர்ம். ஆக்ட் ஆஃப் காட். நம்ம கேரண்டியில கடவுள் வரமாட்டார்" என்றார். சுடலைமுத்துவும் வஜிஹாவும் ஜீப்பில் குந்தாரப்பள்ளி போய்ப் பார்த்து, கல் மழையால்தான் சேதம் என்று ஒரு ரிப்போர்ட் எழுதி இரண்டு பேரும் கையெழுத்துப் போட வேண்டும். தட்டச்சு ஏற்கெனவே முடிந்திருந்தது. போய்ப் பார்ப்பது மட்டும்தான் பாக்கி.

ஜீப் சூளகிரி தாண்டியதும் சுடலைமுத்து வெளியே பார்த்தபடியே சொன்னார்.

"இது எனக்கு மூணாவது கம்பெனிம்மா. முதக் கம்பெனியில பெயின்ட்டு. அடுத்ததுல பைப்பு. எல்லாத்துலயும் கையெழுத்துப் போட்டிருக்கேன். மொதத் தடவைதான் கை நடுங்கும். அப்புறம் பழகிரும்."

"எனக்குப் பழகல சார்."

"பழகாட்டி கஷ்டம்லா" என்றார். அதில் மிரட்டல் இல்லை. வயிற்று வலிக்கு மருந்து சொல்கிற மாதிரிதான் சொன்னார்.

சந்தையில் வியாபாரிகள் காத்திருந்தார்கள். உடைந்த ஷீட்டைக் குவித்து வைத்திருந்தார்கள். ரசூல் கட்டுத் தோளோடு முன்னால் நின்று, "கம்பெனிலேர்ந்து வந்திருக்காங்க. மரியாதையாப் பேசுங்க" என்று எல்லோரையும் அடக்கிக்கொண்டிருந்தார்.

சுடலைமுத்து தொண்டையைச் செருமினார். "அண்ணாச்சிகளா, இது இயற்கைச் சீற்றம். கல்லு மழைக்கு இரும்பே நசுங்கும். ஷீட்டு என்ன செய்யும், பாவம்?"

"அப்ப என் ஓலை எப்படி நின்னுகினு இருக்குது?" மாரம்மா கேட்டாள். "ஓலைக்கு மட்டும் கடவுள் சொந்தக்காரரா?"

யாரோ சிரித்தார்கள். ரசூல் திரும்பி, "மாரம்மா, நீ சும்மா இரு. என் பொண்ணே வந்திருக்குது. அது சொல்லட்டும்" என்றார்.

எல்லோரும் வஜிஹாவைப் பார்த்தார்கள். அவள் கையில் ரிப்போர்ட் இருந்தது. அதைப் படித்துவிட்டால் போதும், ஜீப் திரும்பிவிடும். அவள் ரிப்போர்ட்டைச் சுடலைமுத்துவிடம் கொடுத்தாள். வரிசையின் தென்கோடிக் கடைக்குப் போனாள். அங்கே புளியமரத்தின் கிளை மறைத்ததால் கல் விழாமல் இரண்டு ஷீட் முழுசாக நின்றன. தினமும் மத்தியானம்வரை வெயிலில் காய்ந்தவை, ஆனால் கல் படாதவை. ஒரு ஸ்டூல் மேல் ஏறி, விளிம்பை இரண்டு விரலால் பிடித்து வளைத்தாள்.

படக்.

கையகலத் துண்டு அவள் விரலோடு வந்துவிட்டது. இன்னொரு இடத்தில் பிடித்தாள். படக். மூன்றாவது இடத்தில் அதிகம் வளைக்கக்கூட வேண்டியிருக்கவில்லை.

"இதுல கல்லு விழல" என்றாள். ஒடிந்த துண்டைத் தூக்கிக் காட்டினாள். "வெயிலு மட்டுந்தான் விழுந்துது. பதினாலு மாசத்துல இப்படி ஆயிரும்னு எனக்கு அப்பவே தெரியும். நானே ஒடைச்சுப் பாத்தேன். ஆனா ஒண்ணும் ஆவலன்னு எழுதிக் கையெழுத்துப் போட்டேன்."

ரசூல் மகளைப் பார்த்தார்.

"அப்ப நான் இவங்ககிட்ட எல்லாம் சொன்னது பொய்யா?"

"நீங்க சொன்னது பொய்யில்லத்தா. நான் எழுதினது பொய்."

அவர் தோளில் கிடந்த துண்டை எடுத்தார். உதறினார். மறுபடி போட்டுக்கொண்டார். பிறகு யாரையும் பார்க்காமல் சந்தையை விட்டு நடந்து போனார். கட்டுப் போட்ட தோள் ஒரு பக்கம் சாய்ந்திருந்தது. வஜிஹா ஸ்டூலிலேயே நின்றாள். யாராவது தன்னைத் திட்டினால் தேவலை என்று இருந்தது. ஒருவரும் திட்டவில்லை. காது கிழிந்த தரகர்தான் வந்து, "எறங்கும்மா, அந்த ஸ்டூலுக்கு ஒரு கால் ஆடும்" என்றார்.

சுடலைமுத்து ரிப்போர்ட்டை நாலாக மடித்துப் பையில் வைத்துக்கொண்டார். "நான் கையெழுத்துப் போடுதேன், ஒன் பேருக்கு எதுக்க 'வரவில்லை'ன்னு எழுதிருதேன்" என்றார். அவரால் செய்ய முடிந்த நல்லது அவ்வளவுதான். அதைச் செய்தார்.

வஜிஹாவின் பணி திருப்திகரமாக இல்லை என்று மூன்றாம் நாள் கடிதம் வந்தது. இரண்டு வருஷத்துக்கு முன் மிகவும் திருப்திகரமாக இருந்த அதே பணி. தட்டச்சு செய்தவரும் அதே ஆள்தான், 'மிகவும்' என்ற சொல்லை மட்டும் விட்டுவிடவில்லை. 'மிகவும் திருப்தியின்மை' என்று அடித்திருந்தார்.

கடைக்காரர்கள் விட்டுவிடவில்லை. உடைந்த ஷீட்டை ஒரு லாரியில் ஏற்றிக்கொண்டுபோய்க் கம்பெனி வாசலில் கொட்டிவிட்டு உட்கார்ந்துகொண்டார்கள். ஏணி பிடித்த கங்கப்பன் அவர்களுக்குத் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தார். வராந்தாவுக்குத் துண்டு மாறிய கதையையும் கேட்காமலே மூன்று மொழியில் சொன்னார். அன்று யாரோ பெங்களூர் விருந்தாளிகள் வருகிற நாளாக இருந்ததால் எம்.டி.க்கு இரக்கம் வந்துவிட்டது. நல்லெண்ணத்தின் அடிப்படையில் சந்தை முழுவதற்கும் புது ஷீட் தருவதாக எழுதிக்கொடுத்தார். சொன்ன சொல் தவறவில்லை. பத்து நாளில் லாரி வந்தது. அதே வஜ்ரா.

வியாபாரிகள் அதை இறக்கி மாட்டுத் தொட்டிக்குத் தடுப்பாக நிறுத்தினார்கள். கடைகளுக்கு ஓடு போட்டார்கள்.

வீட்டில் ரசூல் பதினோரு நாள் மகளோடு பேசவில்லை. "சுக்ரா, அதைச் சாப்பிடச் சொல்லு." "சுக்ரா, அது எங்க போவுதுன்னு கேளு." நடுவில் மாட்டிக்கொண்ட சுக்ரா, "நான் என்ன போஸ்ட் ஆபீஸா?" என்று கத்திய பிறகு பன்னிரண்டாம் நாள் நேராகவே பேசினார். வஜிஹா அவர் தோளில் களிம்பு தடவிக்கொண்டிருந்தாள். தையல் பிரித்த இடம் சிவந்திருந்தது.

"நாங்க தார்பாய் விக்கிறவங்க எல்லாரும் கொஞ்சம் பொய் சொல்லுவோம்" என்றார். "வாங்கறவனுக்கும் அது தெரியும். அவனும் பாதிதான் நம்புவான். படிச்சவங்க எழுதிக் கையெழுத்துப் போட்டா முழுசா நம்பலாம்னு நெனச்சிருந்தேன்."

களிம்பு தடவிய வஜிஹாவின் கை நின்றுவிட்டது.

"தடவு" என்றார் அவர். "இன்னும் எரியுது."

அந்த ஆடியில் அவளுக்கு ஓசூரிலேயே பஸ் பாடி கட்டுகிற சின்னப் பட்டறையில் பெயின்ட்டின் தரம் பார்க்கிற வேலை கிடைத்தது. போன வேலை ஏன் போயிற்று என்று முதலாளி கேட்டார். சொன்னாள். அவர் தாடையைச் சொறிந்துகொண்டு யோசித்தார். "இங்க நாங்க கேரண்டியே குடுக்கறதில்லம்மா, அதனால பிரச்சினை இல்ல" என்று சேர்த்துக்கொண்டார்.

வேலையில் சேருவதற்கு முந்தைய சந்தை நாளில் அப்பாவுக்கு உதவியாகக் கடையில் உட்கார்ந்திருந்தாள். தோள் வலியால் அவருக்கு இன்னும் கனமான கட்டுகளைத் தூக்க முடியவில்லை. சாமல்பட்டியிலிருந்து ஒரு நிலக்கடலைக்காரர் வந்து ஒரு தார்பாயை விரித்து, மூலையைக் கசக்கி, மோந்துகூடப் பார்த்தார்.

"பாய், இது எத்தினி வருஷம் வரும்?"

ரசூல் வாயைத் திறந்தார். ஐந்து என்று வழக்கமாகச் சொல்லும் வாய். பக்கத்தில் மகள் கயிறு சுற்றிக்கொண்டிருந்தாள், நிமிரவில்லை.

"ரெண்டு மழைக்கு நிக்கும்" என்றார். "வெயில்ல விரிச்சே போட்டா ஒண்ணுதான். மூணாவது மழைக்கு நனைஞ்சா என்னைத் திட்டக் கூடாது."

நிலக்கடலைக்காரர் அவரை ஏற இறங்கப் பார்த்தார். இப்படி உண்மை பேசுகிற வியாபாரியை அவர் தம் வாழ்நாளில் பார்த்ததில்லை என்பது முகத்திலேயே தெரிந்தது. தார்பாயைப் பயபக்தியோடு மடித்து வைத்தார். எதிர்வரிசைக்குப் போனார். அங்கே அதே மில்லில் நெய்த அதே தார்பாயை, ஏழு வருஷம் தாங்கும் என்று சொன்னவரிடம் சந்தோஷமாக வாங்கிக்கொண்டு போனார்.

வஜிஹாவுக்குச் சிரிப்பு வந்தது. அடக்கப் பார்த்தாள், முடியவில்லை. ரசூல் அவளை முறைத்தார்.

"சிரி, சிரி" என்றார். "இன்னும் நாலு பேரு வருவாங்க. அவங்ககிட்டயும் இதையேதான் சொல்லப்போறேன். ராத்திரிக்குச் சோத்துக்கு நீதான் பதில் சொல்லணும்."